சந்திரபாபு: கயிறு பிடிக்க ஆளில்லாத முத்துக்குளிப்பு

தூத்துக்குடி என்றதும் என்ன ஞாபகத்துக்கு வரும்? உப்பளம், துறைமுகம், மக்ரூன், வ.உ.சி.யின் கப்பல், பனிமய மாதா கோவில் தங்கத்தேர், ஒரு காலத்து முத்துக்குளிப்பு... தூத்துக்குடிக்காரர்களையே கேட்டாலும் ஏறக்குறைய இதே பட்டியல்தான் வரும். ஜே.பி.சந்திரபாபு அந்தப் பட்டியலில் அநேகமாக இருக்க மாட்டார். யாராவது எடுத்துச் சொன்னால், "அட, அவரு நம்ம ஊரா?" என்பார்கள்.

சரி, சந்திரபாபு என்றதும் என்ன ஞாபகத்துக்கு வரும்? இதற்கு யோசிக்கவே வேண்டாம். குடி. கடன். தொடங்கும் முன்பே முடிந்துபோன மணவாழ்க்கை. எம்.ஜி.ஆரோடு தகராறு. பாதியில் நின்ற படம். கைவிட்டுப் போன வீடு. இணையத்தில் அவர் பெயரைத் தேடினால் கிடைப்பதில் பெரும்பகுதி இந்த சோகக் கதைதான். பின்னணியில் ஒரு வயலின், 'சிரிக்க வைத்தவரின் கண்ணீர்' என்பது போல் ஒரு தலைப்பு. அவ்வளவுதான்.

சந்திரபாபு வாழ்க்கையில் எப்படி விழுந்தார் என்று எல்லோருக்கும் தெரியும். திரையில் அவர் எப்படி விழுவார் என்று மட்டும் யாரும் பேசுவதில்லை. விழுவதுதானே ஐயா அவர் தொழில்! பாடகரைப் பற்றிப் பேசும்போது குரலைப் பற்றிப் பேசுகிறார்கள். கிரிக்கெட் வீரரைப் பற்றிப் பேசும்போது அவர் ஆட்டத்தைப் பற்றிப் பேசுகிறார்கள். சந்திரபாபுவைப் பற்றி மட்டும் அவர் பட்ட கடனைப் பற்றிப் பேசுகிறார்கள். இது அநியாயம் மட்டுமல்ல, அவர் ஏன் தோற்றார் என்ற கேள்விக்கே தப்பான பதிலைக் கொடுக்கிறது என்பதுதான் இந்தக் கட்டுரையின் வாதம்.

முதலில் ஆள் யார் என்று சுருக்கமாகப் பார்த்துவிடலாம். முத்துக்குளிப்புக்குப் பேர் போன பரதவர் சமூகத்தில், தூத்துக்குடிக் கத்தோலிக்கக் குடும்பம் ஒன்றில், 1920களின் பிற்பகுதியில் பிறந்தவர். குழந்தையில் கடும் காய்ச்சல் வந்து பிழைத்ததால் கடவுள் போட்ட பிச்சை என்று 'ஜோசப் பிச்சை' எனப் பெயர் வைத்தார்கள். அந்த ஜே.பி.தான் பெயருக்கு முன்னால் கடைசி வரை நின்றது. வீட்டில் கூப்பிட்ட பெயர் பாபு. பரதவர்கள் தங்களைச் சந்திரகுலத்தார் என்று சொல்லிக்கொள்வார்கள். சந்திரகுலத்துப் பாபு, சந்திரபாபு ஆனார்.

அப்பா ரோட்ரிக்ஸ் சுதந்திரப் போராட்டக்காரர், பத்திரிகை நடத்தியவர். வெள்ளைக்கார அரசாங்கத்தின் கோபத்துக்கு ஆளாகி, குடும்பம் கொழும்புக்குப் போக வேண்டியதாயிற்று. தூத்துக்குடிக்குக் கொழும்பு அந்நிய ஊர் இல்லை. தோணியும் கப்பலும் போய் வந்துகொண்டிருந்த அக்கரை, அவ்வளவுதான். ஆனால் அந்த அக்கரையில் பையனுக்குக் கிடைத்தது வேறு: ஆங்கிலப் படங்கள், மேற்கத்திய சங்கீதம், மேற்கத்திய நடனம். 1940களின் முற்பகுதியில் குடும்பம் சென்னைக்கு வந்து திருவல்லிக்கேணிப் பக்கம் குடியேறியபோது, அங்கே சென்னைத் தமிழ் காத்திருந்தது. ரிக்‌ஷாக்காரர் பேசும் தமிழை அவர் அந்த ஊர்க்காரர்களைவிட நன்றாகப் பேசக் கற்றுக்கொண்டார். ஆக தூத்துக்குடி, கொழும்பு, திருவல்லிக்கேணி என்று மூன்று ஊர்க் கலவை.

1947ல் 'தன அமராவதி' படத்தில் சின்ன வேடம். அதற்குப் பிறகு சில வருடம் கதவு கதவாகத் தட்டல். 1952ல் வாய்ப்புக் கிடைக்காத விரக்தியில் ஜெமினி ஸ்டூடியோவிலேயே தற்கொலைக்கு முயன்று கைதானார். நீதிபதி முன்னால் ஷேக்ஸ்பியர் வசனம் பேசிக் காட்டினார் என்றும், தீக்குச்சியைக் கொளுத்திக் கையைச் சுட்டுக்கொண்டு, "சுட்டது உங்களுக்குத் தெரியும், வலி எனக்குத்தான் தெரியும்" என்ற பொருளில் ஏதோ சொன்னார் என்றும் ஒரு கதை உண்டு. கதை நிஜமோ, மிகையோ, அது இத்தனை வருடம் சுற்றுவதற்குக் காரணம் இருக்கிறது. வார்த்தையால் சொல்ல வேண்டிய விஷயத்தை அந்த ஆள் உடம்பால் செய்து காட்டுகிறார், பாருங்கள். அதுதான் சந்திரபாபு.

இங்கே ஸ்லாப்ஸ்டிக் பற்றி இரண்டு வார்த்தை. பழைய இத்தாலிய நாடகங்களில் கோமாளி கையில் இரண்டு மரப்பட்டைகளைச் சேர்த்துக் கட்டிய ஒரு கோல் இருக்கும். அடித்தால் 'பட்டார்' என்று பெரிய சத்தம் வரும், வலிக்காது. அந்தக் கோலின் ஆங்கிலப் பெயர்தான் பிறகு விழுவது, அடிபடுவது, மோதிக்கொள்வது என்ற வகை காமெடிக்கே பெயரானது. தமிழுக்கு இது இறக்குமதிச் சரக்கு என்று நினைக்க வேண்டாம். தெருக்கூத்தில் கட்டியங்காரன் உண்டு. ஸ்பெஷல் நாடகத்தில் பபூன் உண்டு. அந்த நாடக மரபின் தலைமை ஆசிரியர் என்று மதிக்கப்படும் சங்கரதாஸ் சுவாமிகள் பிறந்த காட்டுநாயக்கன்பட்டியும் இதே தூத்துக்குடிப் பக்கம்தான். ராஜபார்ட் வருவதற்கு முன் பபூன் மேடைக்கு வந்து பாடி, ஆடி, குதித்துக் கூட்டத்தைச் சிரிக்க வைத்தாக வேண்டும். சந்திரபாபு போட்டிருந்தது கோட்டும் சூட்டும் என்பதால் அவரை வெள்ளைக்காரக் காப்பி என்று சொல்லிவிட்டார்கள். கோட்டுக்குள் இருந்தது பபூன்தான்.

ஆனால் சினிமா பேசத் தொடங்கியதும் தமிழ் காமெடி பேச்சாகிவிட்டது. என்.எஸ்.கிருஷ்ணனில் தொடங்கி தங்கவேலு, சோ, கவுண்டமணி, விவேக் வரை ரசிகர்கள் திருப்பிச் சொல்வது வசனத்தைத்தான். வசனத்தை டீக்கடையில் சொல்லிக் காட்டலாம், பத்திரிகையில் அச்சடிக்கலாம், கேஸட் போட்டுக் கேட்கலாம். (ஒரு காலத்தில் திருவிளையாடல் வசனத்தைக் கல்யாண வீட்டு ஒலிபெருக்கியில் போடுவார்களே!) விழுவதை எப்படி அச்சடிப்பது? தடுக்கியதும் விழாமல், அரை நொடி காற்றில் தொங்குவது போல் நின்று, முகத்தில் "சரி, விழத்தான் போகிறோம்" என்ற ஒப்புதல் வந்த பிறகு விழுவதை எப்படிச் சொல்லிக் காட்டுவது? சொல்லிக் காட்ட முடியாத கலை சீக்கிரம் மறந்துபோகும். சந்திரபாபுவின் பாட்டு நிற்கிறது, அவர் உடம்பு மறந்துபோயிற்று.

அந்தப் பாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். 1950களில் பின்னணிப் பாடகர்கள் வந்தபின் திரையில் ஆடுவது ஒருவர், பாடுவது இன்னொருவர் என்று ஆகிவிட்டது. ஹீரோ வாயசைத்தார், டி.எம்.எஸ். பாடினார். சந்திரபாபுவோ தன் பாட்டைத் தானே பாடினார். குரலும் காலும் ஒரே ஆளுக்குச் சொந்தம். 'பெண்' (1954) படத்தில் எஸ்.பாலசந்தருக்காகக் கல்யாண ஆசைப் பாட்டு ஒன்றைப் பாடினார். பாடுவது சந்திரபாபு என்று தெரிந்த பிறகு பார்த்தால், பாலசந்தரே கொஞ்சம் சந்திரபாபு மாதிரி ஆட வேண்டியிருக்கிறதே என்று தோன்றும்.

அவர் தமிழ்ப் பாட்டில் யோடலிங் கொண்டு வந்தார் என்று எல்லோரும் எழுதுகிறார்கள். ஆனால் யோடலிங் என்ன செய்கிறது என்று கவனித்தால் இன்னும் சுவாரசியம். குரல் நெஞ்சிலிருந்து பாடிக்கொண்டிருக்கும்போதே படக்கென்று பொய்க்குரலுக்குத் தாவும், திரும்ப இறங்கும். அதாவது குரல் வழுக்குகிறது. வாழைப்பழத் தோலில் கால் வைத்த குரல்! காலால் செய்வதையே அவர் தொண்டையாலும் செய்தார். 'மரகதம்' (1959) படத்தில் ஜமுனாராணியோடு பாடிய டூயட்டையும், 'புதையல்' (1957) படத்தில் "ஹலோ" சொல்லித் தொடங்கும் பாட்டையும் இந்த எண்ணத்தோடு இன்னொரு முறை கேட்டுப் பாருங்கள்.

சரி, அவர் உச்சம் எது? சந்தேகமே வேண்டாம், 'சபாஷ் மீனா' (1958). பி.ஆர்.பந்துலு இயக்கியது. சிவாஜி கணேசன் ஹீரோ. ஆனால் படம் முடிந்து வெளியே வருகிறவர் மனதில் நிற்பது சந்திரபாபு. நண்பனுக்குப் பதிலாக இன்னொரு வீட்டில் ஆள்மாறாட்டம் செய்து தங்கும் சேகர் ஒருவர், அதே முகத்தோடு ஒரு ரிக்‌ஷாக்காரர் இன்னொருவர் என்று இரட்டை வேடம். சிவாஜிக்குக் கொடுப்பதைவிட ஒரு ரூபாயாவது கூடுதலாக வேண்டும் என்று சம்பளம் கேட்டார் என்பது கோடம்பாக்கத்துக் கதை. திமிருக்கு உதாரணமாக இதைச் சொல்வார்கள். படத்தைப் பார்த்துவிட்டு, கேட்டது தப்பா என்று சொல்லுங்கள் :-)

இந்தப் படத்தை ஒரு முறை சத்தத்தை அணைத்துவிட்டுப் பார்க்க வேண்டும். வசனம் கேட்காது. சென்னைத் தமிழ் கேட்காது. ஆனாலும் வருவது சேகரா, ரிக்‌ஷாக்காரரா என்று நடையை வைத்தே தெரிந்துவிடும். தோள் வேறு, கழுத்து வேறு, கால் தரையைத் தொடும் விதம் வேறு. பொதுவாக இரட்டை வேடத்துக்கு மீசையும் மச்சமும் வைப்பது தமிழ் சினிமா வழக்கம். சந்திரபாபு எலும்பையே மாற்றி வைத்தார். இன்னொரு விஷயம், அந்தக் காலத்து கேமரா. ஆள் முழுதாகத் தெரியும்படி தூரத்தில் நின்று, ஷாட்டை நடுவில் வெட்டாமல் ஓட விட்டார்கள். நாடகத்தனம் என்று பிற்காலத்தில் கிண்டல் செய்யப்பட்ட அதே கேமராதான் ஸ்லாப்ஸ்டிக்குக்கு உயிர். விழுகிறவரின் தலையும் காலும் ஒரே சட்டத்துக்குள் இருந்தால்தான் அது விழுவது. தலையை ஒரு ஷாட்டிலும் காலை இன்னொரு ஷாட்டிலும் காட்டினால் அது எடிட்டிங்.

அந்த வேடத்தின் பலம் என்ன என்பதற்கு வெளியூர்ச் சாட்சியும் இருக்கிறது. பந்துலு இதே கதையை இந்தியில் 'தில் தேரா தீவானா' (1962) என்று எடுத்தார். சந்திரபாபு செய்ததை அங்கே மெஹ்மூத் செய்தார். அதற்காக மெஹ்மூத்துக்குச் சிறந்த துணை நடிகருக்கான ஃபிலிம்ஃபேர் விருது கிடைத்தது. அதன் பிறகு மெஹ்மூத் இந்திப் படவுலகின் மிகப் பெரிய காமெடி நட்சத்திரங்களில் ஒருவர். நாலு வருடம் முன்னால் அதை உருவாக்கிய தூத்துக்குடிக்காரர் என்ன ஆனார்?

இங்கேதான் முத்துக்குளிப்பு வருகிறது. மன்னார் வளைகுடாவில் முத்துக்குளிக்கிறவர் கல்லைக் காலில் கட்டிக்கொண்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு கீழே போவார். அடியில் இருக்கும் நேரம் ஒரு நிமிடம், மிஞ்சிப் போனால் இன்னும் கொஞ்சம். இடுப்பில் ஒரு கயிறு. மேலே படகில் ஒருவர் அந்தக் கயிற்றைப் பிடித்துக்கொண்டிருப்பார். கீழே இருக்கிறவர் இழுத்தால் இவர் தூக்க வேண்டும். அந்தக் கயிற்றை மச்சான் கையில்தான் கொடுப்பார்கள் என்று கடற்கரையில் சொல்வது வழக்கம். தன் அக்கா தங்கையின் தாலி சம்பந்தப்பட்ட விஷயம் என்பதால் மச்சான் கண் அசர மாட்டாராம். எவ்வளவு பெரிய சூரனாக இருந்தாலும், கயிறு பிடிக்கிறவர் சரியில்லை என்றால் மேலே வர முடியாது. தூத்துக்குடியில் கடைசியாக முத்துக்குளிப்பு நடந்தது 1961ல். சந்திரபாபு உச்சத்திலிருந்து இறங்கத் தொடங்கியதும் ஏறக்குறைய அதே சமயம்தான்.

உடம்பை நம்பித் தொழில் செய்யும் காமெடியனுக்கும் கயிறு பிடிக்க ஒருவர் வேண்டும். அவர்தான் டைரக்டர். எங்கே கேமராவை வைக்க வேண்டும், எவ்வளவு நேரம் வெட்டாமல் விட வேண்டும், எப்போது "போதும்" என்று சொல்ல வேண்டும் என்று தெரிந்த ஒருவர். அந்த உடம்புக்காகக் கதை யோசிக்கிற ஒருவர்.

இதற்கு ஒரு நல்ல உதாரணம் ஜப்பானில் இருக்கிறது. அங்கே கெனிச்சி எனோமோட்டோ (1904–1970) என்று ஒருவர். செல்லமாக எனோகென். குள்ளமான உருவம், பெரிய கண்கள், ரப்பர் மாதிரி உடம்பு. டோக்கியோவின் அசாகுசா பகுதி மேடைகளில் பாட்டு, ஆட்டம், குட்டிக்கரணம் என்று பேர் வாங்கி, 1930களில் சினிமாவுக்கு வந்தார். பாட்டும் ஆட்டமும் அடிதடியும் ஒரே ஆளிடம் என்பதில் அப்படியே சந்திரபாபு. ஸ்டூடியோ என்ன செய்தது தெரியுமா? படத்தின் தலைப்பிலேயே 'எனோகென்னின்...' என்று அவர் பெயரைப் போட்டு வரிசையாகப் படம் எடுத்தது. கஜிரோ யமமோட்டோ என்ற டைரக்டர் அவரை வைத்துத் திரும்பத் திரும்ப எடுத்தார். அந்த யமமோட்டோவிடம் உதவியாளராக வேலை கற்றவர் அகிரா குரோசவா. 1945ல் குரோசவா ஒரு பழம்பெரும் நாடகக் கதையைப் படமாக்கியபோது, மூலத்தில் இல்லாத ஒரு சுமைதூக்கி பாத்திரத்தைப் புதிதாக உருவாக்கி எனோகென்னுக்குக் கொடுத்தார். 'புலியின் வாலை மிதித்தவர்கள்' என்று பொருள்படும் அந்தப் படம் 1952ல்தான் வெளியானது. வீரர்கள் எல்லாம் கல் மாதிரி நிற்க, நடுவில் எனோகென் ஒருவர் மட்டும் பயந்து நெளிந்து குதிப்பார். அவர் இல்லையென்றால் அது பாடப்புத்தகம். அவர் இருப்பதால் அது சினிமா.

எனோகென் வாழ்க்கையிலும் சோகத்துக்குக் குறைவில்லை. 1962ல் ஒரு காலையே எடுக்க வேண்டி வந்தது. குதிப்பதையே தொழிலாக வைத்தவருக்குக் கால் போனால்? செயற்கைக் காலோடு திரும்ப மேடை ஏறினார். ஆனால் ஜப்பானில் அவர் பெயருக்கு முன்னால் வருவது 'காமெடி ராஜா' என்ற பட்டம்தான், கால் போன கதை அதற்குப் பின்னால்தான் வரும்.

திரும்பக் கோடம்பாக்கம் வரலாம். சந்திரபாபுவை இங்கே எப்படிப் பயன்படுத்தினார்கள்? 'சகோதரி' (1959) நல்ல உதாரணம். ஏவி.எம். படம். எடுத்து முடித்த பிறகு போட்டுப் பார்த்தால் திருப்தியாக இல்லை. உடனே சந்திரபாபுவைக் கூப்பிட்டு, தனியாக ஒரு காமெடிப் பகுதி எடுத்து, படத்துக்கு நடுவே நடுவே செருகினார்கள். தன்னை முட்டாள் என்று சொல்லிக்கொண்டு அவர் பாடும் அந்தப் பிரபலமான பாட்டு இதில்தான். படம் பிழைத்தது. அதாவது குழம்பு சரியில்லை என்றால் ஊறுகாய். அப்போது அது பாராட்டு. ஆனால் ஊறுகாயை வைத்து யாரும் சமையல் திட்டம் போடுவதில்லை. 'காமெடி ட்ராக்' என்ற அந்த ஏற்பாடு தமிழ் சினிமாவில் பல பத்தாண்டுகள் ஓடியது. காமெடியனுக்கு வேலை கொடுத்தது, படம் கொடுக்கவில்லை.

படம் வேண்டும் என்று அவர் தானே இறங்கினார். கண்ணதாசன் தயாரித்த 'கவலை இல்லாத மனிதன்' (1960) படத்தில் ஹீரோ. ஓடவில்லை, கண்ணதாசனுக்குப் பெரிய நஷ்டம். படப்பிடிப்புக்குச் சந்திரபாபு ஒழுங்காக வரவில்லை என்ற புகாரும் சேர்ந்துகொண்டது. பிறகு எம்.ஜி.ஆரை வைத்து 'மாடி வீட்டு ஏழை' என்று ஒரு படத்தைத் தொடங்கினார். அது பாதியில் நின்றது, கடன் நின்றது. யார் பக்கம் நியாயம் என்று இன்றைக்கும் இரண்டு கட்சியாகப் பிரிந்து சண்டை போடுகிறார்கள். (அதே எம்.ஜி.ஆரின் சொந்தப் படமான 'அடிமைப் பெண்'ணில் 1969ல் சந்திரபாபு நடித்தார் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.) 1966ல் 'தட்டுங்கள் திறக்கப்படும்' படத்தைத் தானே இயக்கி, சாவித்திரியோடு நடித்தார். தலைப்பு பைபிளிலிருந்து. கதவு திறக்கவில்லை.

இதைக் கவனியுங்கள். முத்துக்குளிப்பவர் தானே கயிற்றையும் பிடிக்கப் பார்க்கிறார். சாப்ளினும் பஸ்டர் கீட்டனும் அதைச் செய்தார்களே என்று கேட்கலாம். செய்தார்கள். தங்களுக்கென்று ஸ்டூடியோ, மாதக்கணக்கில் நேரம், சரிப்படும் வரை ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுக்கப் பணம், கூடவே காமெடிக்கு யோசனை சொல்ல ஆட்கள் என்று எல்லாம் இருந்தது. அந்த வசதியை இழந்த பிறகு கீட்டனுமே சரிந்தார். 1928ல் தன் சுதந்திரத்தை விட்டு எம்.ஜி.எம். கம்பெனியில் சேர்ந்தது அவர் செய்த பெரிய தவறு என்று சினிமா சரித்திரம் எழுதுகிறவர்கள் சொல்கிறார்கள். ஆள் அதே ஆள், கயிறு பிடித்த கை மட்டும் மாறியது.

"எல்லாம் சரி, ஆளுக்குத் திமிர் இல்லையா? பெரிய நடிகர்களையெல்லாம் பேர் சொல்லிக் கூப்பிடுவாராமே? குடிக்கவில்லையா? தயாரிப்பாளர்களைத் தவிக்க விடவில்லையா?" என்று ஒரு கட்சி இருக்கிறது. இதில் உண்மை இருக்கிறது, மறைக்கத் தேவையில்லை. நஷ்டப்பட்டவர்களின் பணமும் பணம்தான். ஆனால் தமிழ் சினிமாவில் திமிர் பிடித்த, குடித்த, ஷூட்டிங்குக்கு மதியம் மூன்று மணிக்கு வந்த ஹீரோக்கள் யாருமே இருந்ததில்லையா? அவர்களுக்கெல்லாம் அடுத்த படம் கிடைத்தது. ஹீரோவின் திமிர் 'ஸ்டைல்', காமெடியனின் திமிர் 'திமிர்'. ஊறுகாய் குழம்பாக ஆசைப்பட்டால் வரும் கோபம் அது. அவர் குணம் அவரைச் சரித்தது என்பது பாதிக் கதை. சரிந்தபோது தாங்கிக்கொள்ள ஒரு படம்கூட அவர் பெயரில் இல்லை என்பது மீதிப் பாதி.

மீதிப் பாதியை நிரூபிக்க நாகேஷ் போதும். ஒல்லி உடம்பு, முகம் முழுக்க அம்மைத் தழும்பு, கைகால் எங்கே போகும் என்று அவருக்கே தெரியாத மாதிரி ஒரு ஆட்டம். அவருக்கு 1964ல் ஒரே வருடத்தில் ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை'யும், கே.பாலசந்தர் கதை எழுதிய 'சர்வர் சுந்தர'மும் கிடைத்தன. பிறகு 1968ல் 'எதிர் நீச்சல்'. பாலசந்தர் நாகேஷின் உடம்பைத் தெரிந்து, அதற்காகவே எழுதினார். நாகேஷ் மேலே வந்தார். சந்திரபாபுவைவிடத் திறமை கூடவா, குறைவா என்பது வீண் பட்டிமன்றம். ஒருவருக்கு மச்சான் இருந்தார், இன்னொருவருக்கு இல்லை.

"ஸ்லாப்ஸ்டிக் எல்லாம் குழந்தைகள் சமாச்சாரம், தரமான காமெடி என்றால் கருத்து வேண்டும்" என்று இன்னொரு கட்சியும் இருக்கிறது. சந்திரபாபுவைக் காப்பாற்ற நினைக்கிறவர்கள்கூட இந்தப் பொறியில் விழுகிறார்கள். அவருடைய தத்துவப் பாட்டுகளை எடுத்துவைத்து, "பாருங்கள், எவ்வளவு ஆழம்" என்கிறார்கள். பாட்டில் ஆழம் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் 'அன்னை' (1962) படத்துப் பாட்டின் வரிக்காக மட்டும் அவரை மதிப்பது, முத்துக்குளிப்பவரை அவர் பாடிய அம்பாப் பாட்டுக்காக மட்டும் மதிப்பது போலத்தான். மூச்சை அடக்கிக் கீழே போனதை யார் கணக்கில் எடுப்பது?

தமிழ் ரசிகனுக்கு உடம்புக் காமெடி பிடிக்காது என்பதும் பொய். வடிவேலு ஒருவர் போதும் அந்தப் பொய்யை உடைக்க. 2001ல் வந்த 'ஃப்ரெண்ட்ஸ்' படத்தில் நேசமணி தலையில் சுத்தியல் விழுந்தது. அந்த அடியை 2019ல் உலகமே ட்விட்டரில் விசாரித்தது, பதினெட்டு வருடம் கழித்து! ஆக, ஜனங்கள் மறக்கவில்லை. பார்க்கக் கிடைத்தால் மறக்க மாட்டார்கள். சந்திரபாபுவை அவர்களுக்குக் காட்டுகிறவர்கள்தான் கண்ணீரை மட்டும் வெட்டி ஒட்டிக் காட்டுகிறார்கள்.

1974 மார்ச் 8ல் சந்திரபாபு இறந்தார். ஐம்பது வயதுகூட ஆகவில்லை. சென்னையில் சாந்தோம் பக்கம் கிவிபிள் தீவுக் கல்லறையில் அடக்கம். கடற்கரையில் பிறந்தவர், கடலுக்குப் பக்கத்திலேயே முடிந்தார். இந்த இடத்தில் வயலின் வாசிப்பது சுலபம். வேண்டாம்.

அதற்குப் பதில் ஒன்று செய்யலாம். ஒவ்வொரு ஆகஸ்ட் 5ம் தேதியும் பனிமய மாதா திருவிழாவுக்குத் தூத்துக்குடியில் ஊரே கூடுகிறது. வெளியூர், வெளிநாடு போனவர்களெல்லாம் வந்து சேர்கிறார்கள். சந்திரபாபுவின் பிறந்தநாளும் ஆகஸ்ட் மாதத் தொடக்கத்தில்தான் வருகிறது. அந்த வாரத்தில் ஒரு நாள், ஏதாவது ஒரு கல்லூரி ஹாலில், 'சபாஷ் மீனா'விலிருந்து ஒரு அரை மணி நேரம் திரையில் போடட்டும். சொற்பொழிவு வேண்டாம், மாலை மரியாதை வேண்டாம், அவர் குடித்தாரா, கடன் வாங்கினாரா என்ற பேச்சும் வேண்டாம். முதல் பத்து நிமிடம் சத்தம் இல்லாமல் ஓடட்டும்.

ஹாலில் இருக்கும் சின்னப் பிள்ளைகளுக்கு அவர் யாரென்று தெரியாது. சோகக் கதையும் தெரியாது. அவர்கள் சிரித்தால் போதும். சந்திரபாபு கேட்டது அதைத்தான்.